எத்திடியம் புரோமைடை விட்டு மாறிய பிறகு ஜெல் சரியாக வரவில்லையா? அறிகுறி வாரியாகப் பார்க்கும் வழி

ஜெல்லில் அளவு வாரியாகப் பிரிந்த டிஎன்ஏவைப் புற ஊதாவில் ஒளிரவைக்கும் பழைய சாயம் எத்திடியம் புரோமைடு. டிஎன்ஏவைக் கெடுக்கக்கூடியது என்பதால் அதை நிறுத்திவிட்டு வேறு சாயத்துக்கு மாறும் ஆய்வகங்களில் முதல் வாரம் பெரும்பாலும் ஒரே மாதிரிதான் போகிறது. திங்கட்கிழமை புதுக் குப்பி வருகிறது. செவ்வாய்க்கிழமை "இந்தச் சாயம் வேலை செய்யலை" என்று யாராவது வந்து நிற்கிறார்கள். வெள்ளிக்கிழமைக்குள் பழைய பழுப்புக் குப்பி மறுபடி மேசைக்கு வந்துவிடுகிறது. ஜெல் அறையைப் பல ஆண்டுகளாகக் கவனித்து வருகிறேன். இப்படித் தோற்றுப்போனதாகச் சொல்லப்பட்ட குப்பிகளில் பெரும்பாலானவற்றில் சாயம் நன்றாகவே இருந்தது. சாயத்தை மாற்றியவர்கள் விளக்கையும் வடிகட்டியையும் குழியில் ஏற்றும் டிஎன்ஏ அளவையும் மாற்றவில்லை, அவ்வளவுதான்.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். "பாதுகாப்பான சாயம்" என்று குப்பியில் எழுதியிருந்தால், ஏம்ஸ் சோதனை (ஒரு பொருள் பாக்டீரியாவில் மரபணு மாற்றத்தைத் தூண்டுகிறதா என்று பார்ப்பது) போன்றவற்றில் எத்திடியம் புரோமைடைவிடக் குறைந்த பாதிப்பைக் காட்டியது என்று எடுத்துக்கொள்ளுங்கள். டிஎன்ஏவில் ஒட்டுவதுதான் இந்தப் பொருள்கள் எல்லாவற்றின் வேலையும். வெறுங்கையால் தொடலாம் என்று எந்தக் குப்பியும் அனுமதி தரவில்லை. நைட்ரைல் கையுறை முன்பு போலவே தொடர வேண்டும்.

அறிகுறிக்குப் போகும் முன் இரண்டு கேள்விகள்

உங்கள் சாயம் எந்த நிறத்தில் ஒளிர்கிறது? உங்கள் பெட்டியில் என்ன விளக்கு இருக்கிறது? இந்த இரண்டுக்கும் பதில் தெரியாமல் கீழே உள்ள எதையும் சரிபார்க்க முடியாது.

சிவப்பு வகை: ஜெல்ரெட் இதில் சேரும். சுமார் 300 நானோமீட்டர் புற ஊதாவில் தூண்டப்பட்டு 600 நானோமீட்டர் பக்கம் ஆரஞ்சுச் சிவப்பாக ஒளிரும். எத்திடியம் புரோமைடுக்கு வாங்கிய யுவி பெட்டியும் வடிகட்டியும் அப்படியே போதும். நீல விளக்கில் மங்கலாகத்தான் தெரியும்.

பச்சை வகை: சைபர் சேஃப், ஜெல்கிரீன், சைபர் கோல்டு. இவை 500 நானோமீட்டருக்கு அருகில் நன்றாகத் தூண்டப்படும், 530 பக்கம் பச்சையாக ஒளிரும். இவற்றுக்கு நீல விளக்கும் ஆம்பர் (மஞ்சளாரஞ்சு நிற) தகடும்தான் சரியான ஜோடி. இவற்றில் பல புற ஊதாவிலும் தெரியும். ஆனால் ஜெல்கிரீன் 302 நானோமீட்டர் பெட்டியில் சோர்ந்துதான் ஒளிரும்.

கண்ணுக்கே தெரியும் வகை: மெத்திலீன் நீலம், கிரிஸ்டல் வயலெட். விளக்கே தேவையில்லை. ஆனால் ஒரு பட்டையில் பல பத்து நானோகிராம் டிஎன்ஏ இருந்தால்தான் கண்ணில் படும்.

இன்னும் வாங்கவில்லை என்றால் என் கருத்து இது. யுவி பெட்டி மட்டும் இருக்கிறது, வேலை பெரும்பாலும் பிசிஆர் (டிஎன்ஏ துண்டைப் பல படிகளாகப் பெருக்கும் முறை) சரிபார்ப்புதான் என்றால் சிவப்பு வகை. குளோனிங் (வெட்டி எடுத்த டிஎன்ஏ துண்டை வேறு டிஎன்ஏவோடு இணைத்துச் செல்லுக்குள் ஏற்றுவது) செய்கிறீர்கள் என்றால் எப்படியாவது ஒரு நீல விளக்குப் பெட்டியும் பச்சை வகையும் வாங்குங்கள். ஏன் என்று ஆறாவது அறிகுறியில் விரிவாகச் சொல்கிறேன்.

அறிகுறி 1: எதுவுமே தெரியவில்லை, லேடர்கூட இல்லை

ஜெல்லைக் குப்பையில் போடாதீர்கள். லேடர் என்பது ஒப்பிடுவதற்காக ஓட்டும், நீளம் தெரிந்த டிஎன்ஏ துண்டுகளின் கலவை. அதுவே தெரியாத ஜெல்லில் டிஎன்ஏ பெரும்பாலும் அங்கேயேதான் இருக்கும்.

*வடிகட்டியைப் பாருங்கள்.* மாறிய முதல் வாரத்தில் நான் மிக அதிகமாகப் பார்க்கும் காரணம் இதுதான். பழைய ஜெல் டாக் (ஜெல்லைப் படமெடுக்கும் பெட்டி) கேமராவில் எத்திடியம் புரோமைடுக்கான வடிகட்டி, 590 அல்லது 600 நானோமீட்டரைச் சுற்றி மட்டும் ஒளியை விடுவது, நிரந்தரமாகச் செருகப்பட்டிருக்கும். பச்சைச் சாயத்தின் 530 நானோமீட்டர் ஒளி அதைத் தாண்டாது. ஜெல் உள்ளே பளிச்சென்று ஒளிர்ந்துகொண்டிருக்கும், திரையில் கறுப்பாக இருக்கும். சோதிப்பது எளிது. ஜெல்லை நீல விளக்கின் மேல் வைத்து, அறை விளக்கை அணைத்து, ஆம்பர் தகட்டின் வழியாகக் கண்ணால் பாருங்கள். கைபேசிக் கேமராவின் முன்னால் அதே தகட்டைப் பிடித்துப் படமும் எடுக்கலாம். கண்ணுக்குத் தெரிந்து கேமராவில் தெரியவில்லை என்றால் மாற்ற வேண்டியது வடிகட்டிதான்.

ஒருமுறை ஒரு மாணவி மூன்று நாள் மூன்று ஜெல் ஓட்டி, மூன்றையும் வெறுமை என்று குறிப்பேட்டில் எழுதி வைத்திருந்தார். மூன்றாவது ஜெல் இன்னும் தட்டில் இருந்தது. தகட்டை நான் பிடிக்க, அவர் குனிந்து பார்த்தார். பத்துப் பட்டைகளும் வரிசையாக நின்றன. அவர் முகத்தில் வந்த நிம்மதிக்காகவே இந்த வரியை முதலில் வைத்திருக்கிறேன்.

*சாயம் போட்டீர்களா, எவ்வளவு?* எத்திடியம் புரோமைடு இருப்புக் கரைசல் வழக்கமாக மில்லிலிட்டருக்கு 10 மில்லிகிராம். 100 மில்லி ஜெல்லுக்கு 5 மைக்ரோலிட்டர் போட்டால் மில்லிலிட்டருக்கு 0.5 மைக்ரோகிராம் வந்துவிடும். அந்த "5" கையில் பழகிப்போன எண். புதுச் சாயங்களில் பல 10,000 மடங்குக் கரைசலாக வருகின்றன. அவற்றை 100 மில்லிக்கு 10 மைக்ரோலிட்டர் போட வேண்டும். பழைய பழக்கத்தில் 5 போட்டால் பாதி அளவுதான் போயிருக்கும். 20,000 மடங்கு என்று வரும் குப்பிகளும் உண்டு, எனவே குப்பியின் மேல் எழுதியிருப்பதைப் படித்துவிட்டே கணக்குப் போடுங்கள்.

*ஊறவைத்துப் பாருங்கள்.* சாயம் மறந்துபோனதா, குறைந்ததா என்று தெரியவில்லை என்றால் விவாதம் வேண்டாம். சிவப்பு வகையை 3 மடங்கு அளவில், அதாவது 100 மில்லி தண்ணீரில் 10,000 மடங்குக் கரைசல் 30 மைக்ரோலிட்டர் கலந்து, ஜெல்லை அதில் போட்டு, வெளிச்சம் படாமல் மூடி, மெதுவாக ஆட்டி அரை மணி நேரம் வையுங்கள். பச்சை வகைக்கு அதன் தாளில் உள்ள ஊறல் அளவை எடுத்துக்கொள்ளுங்கள். சைபர் கோல்டு போன்றவற்றைக் கண்ணாடிப் பாத்திரத்தில் வைக்காதீர்கள். சாயம் கண்ணாடிச் சுவரில் ஒட்டிக்கொள்ளும், ஜெல்லுக்கு மிஞ்சாது. பிளாஸ்டிக் டப்பாதான் சரி.

*மின்முனை மாறியதா?* ஊறவைத்தும் ஒன்றும் இல்லை என்றால் ஜெல் பெட்டியின் வயர்களைப் பாருங்கள். குழிகள் கறுப்பு முனையின் பக்கம் இருக்க வேண்டும். மாற்றிச் செருகியிருந்தால் டிஎன்ஏ குழியிலிருந்து பின்பக்கமாக ஓடி, ஜெல் மூழ்கியிருக்கும் பஃபர் கரைசலில் கலந்திருக்கும். அந்த ஜெல்லைக் காப்பாற்ற வழியில்லை.

*யாரைக் கூப்பிடுவது:* உங்களிடம் மிச்சமிருக்கும் பழைய ஜெல்லோ, நன்றாக வந்ததென்று உறுதியாகத் தெரிந்த ஜெல்லோ யுவி பெட்டியில் மங்கினால், சந்தேகம் விளக்கின் மேல் போக வேண்டும். யுவி குழல்கள் எரிந்துகொண்டே வலுவிழக்கும். அவற்றின் மேலிருக்கும் கறுப்புக் கண்ணாடி வடிகட்டியும் ஆண்டுக்கணக்கில் புற ஊதா பட்டு ஒளியைத் தடுக்கத் தொடங்கும். குழல் மாற்றுவது, கண்ணாடி மாற்றுவது, மூடி திறந்தால் விளக்கு அணையும் பூட்டைச் சரிசெய்வது எல்லாம் கருவிப் பராமரிப்பாளரின் வேலை. பெட்டியைத் திறந்து உள்ளே கை விடாதீர்கள்.

அறிகுறி 2: லேடர் தெரிகிறது, மாதிரி தெரியவில்லை

சாயம் வேலை செய்கிறது என்பதற்கு லேடரே சாட்சி. அதனால் பிசிஆரைச் சந்தேகியுங்கள். வார்ப்பு டிஎன்ஏ, பிரைமர், கட்டுப்பாட்டு மாதிரி என்று அந்த வழியில் போங்கள்.

ஒரே விதிவிலக்கு: முன்பு எத்திடியம் புரோமைடில் மங்கலாகத் தெரிந்துகொண்டிருந்த பட்டை, மாறியபின் மறைந்துவிட்டது. அப்போது மூன்றைச் செய்யலாம். ஜெல்லை மெல்லியதாக வார்த்தெடுங்கள். 3 முதல் 5 மில்லிமீட்டர் போதும், தடித்த ஜெல்லில் பின்னணி ஒளி பட்டையை விழுங்கிவிடும். குறுகிய பல்லுள்ள சீப்பைப் பயன்படுத்துங்கள், அதே டிஎன்ஏ குறைந்த இடத்தில் குவியும். அதுவும் போதவில்லை என்றால் சாயமில்லாமல் ஜெல்லை ஓட்டி, பிறகு ஊறவையுங்கள். இந்தக் கூட்டத்தில் மிகக் குறைந்த டிஎன்ஏவையும் காட்டுவது சைபர் கோல்டு, விலையும் கூடியது. அதை அன்றாட ஜெல்லுக்கு வைத்துச் செலவழிக்காமல் இப்படிப்பட்ட மாதிரிகளுக்கென்று எடுத்து வையுங்கள்.

மெத்திலீன் நீலமோ கிரிஸ்டல் வயலெட்டோ பயன்படுத்துகிறீர்கள் என்றால் இந்த அறிகுறிக்குத் தீர்வு இல்லை. நுண்ணிய பட்டையைக் காட்டுவது அவற்றின் வேலையல்ல.

அறிகுறி 3: பட்டைகள் இழுபட்டு, வளைந்து, அளவு தப்பி நிற்கின்றன

சிவப்பு வகைக்கு மாறியவர்கள் அதிகம் வருந்துவது இதைப் பற்றித்தான். 3,000 கார இணை (டிஎன்ஏ நீளத்தின் அலகு) உயரத்தில் நிற்க வேண்டிய பிளாஸ்மிட் (பாக்டீரியாவின் வட்ட டிஎன்ஏ) துண்டு வேறெங்கோ நிற்கும். லேடரின் மேல் பட்டைகள் சிரிக்கும் வாய் போல வளைந்திருக்கும். வெட்டு நொதி சரியாக வெட்டவில்லையோ என்று இரண்டு நாள் வீணாகும்.

*முதலில் டிஎன்ஏவைக் குறையுங்கள்.* இந்தச் சாய மூலக்கூறு பெரியது. டிஎன்ஏ இழையில் ஒட்டிக்கொண்டு அதன் நடையையே மாற்றிவிடுகிறது. குழியில் டிஎன்ஏ எவ்வளவு கூடுகிறதோ அவ்வளவு இழுபடும். அளவு தெரிந்த மாதிரி என்றால் ஒரு லேனுக்கு (ஒரு குழியிலிருந்து இறங்கும் தடம்) 50 முதல் 200 நானோகிராமுக்குள் நில்லுங்கள். அளவு தெரியாதது என்றால் இப்போது ஏற்றுவதில் பாதியோ மூன்றில் ஒன்றோ போட்டுப் பாருங்கள். லேடரையும் குறைக்க மறக்காதீர்கள். ஐந்து மைக்ரோலிட்டர் லேடர் என்பது எத்திடியம் காலத்துப் பழக்கம்.

ஒரு சோதனை ஜெல்லில் இதை நேரே பார்த்துவிடலாம். ஒரே மாதிரியை அடுத்தடுத்த நான்கு குழிகளில் 400, 200, 100, 50 நானோகிராம் என்று ஏற்றுங்கள். நான் இப்படி ஓட்டிய ஜெல்லில் முதல் லேனின் பட்டை தடித்து, வால் விட்டு, ஒரு பக்கம் சாய்ந்து நின்றது. நான்காவது லேனில் அதே துண்டு பிளேடால் கீறியது போல நேர்க்கோடாக இருந்தது, நின்ற இடமும் வேறு. அந்தப் படத்தை அச்செடுத்து ஜெல் அறைச் சுவரில் ஒட்டியிருக்கிறேன். புதிதாக வருகிறவர்களிடம் நிறையப் பேச வேண்டியதில்லை, அதைக் காட்டினால் போதும்.

*குறைத்தும் சரியாகவில்லையா? பின்சாயத்துக்கு மாறுங்கள்.* சாயமில்லாத ஜெல்லில் ஓட்டி, பிறகு 3 மடங்குக் கரைசலில் ஊறவையுங்கள். ஓடும்போது சாயம் இல்லாததால் டிஎன்ஏ தன் இயல்பான வேகத்தில் ஓடியிருக்கும். அளவைத் துல்லியமாகச் சொல்ல வேண்டிய ஜெல் எதுவானாலும் நான் இப்படித்தான் ஓட்டுவேன். அரை மணி நேரம் கூடுதலாகப் போகும். தவறான அளவை எழுதிவிட்டுப் பிறகு இழக்கும் நாள்களைவிட அது குறைவுதான்.

*சாயத்தை மாதிரியிலேயே கலக்கும் வகை:* சில பாதுகாப்புச் சாயங்கள் லோடிங் டையோடு (மாதிரியைக் குழிக்குள் அமிழ்த்தி, ஓட்டத்தைக் கண்ணுக்குக் காட்டும் நிறக் கலவை) கலந்தே வருகின்றன. மாதிரிக்கு மட்டும் அதைக் கலந்து, லேடரைப் பழைய டையோடு ஏற்றினால் இரண்டும் வெவ்வேறு வேகத்தில் ஓடும். அளவு பொருந்தாது. இரண்டுக்கும் ஒரே டை என்பதுதான் விதி.

*லோடிங் டையில் எஸ்டிஎஸ் (சோப்புப் போன்ற பொருள்) இருக்கிறதா* என்று பாருங்கள். வெட்டு நொதியை நிறுத்துவதற்காகச் சில டைகளில் அதைச் சேர்க்கிறார்கள். சிவப்பு வகையோடு அது இழுபடலைக் கூட்டும். அடுத்து பஃபர். டிஏஇ வகை பஃபரில் நீண்ட நேரம் ஓட்டினால் அது களைத்துவிடும், டிபிஇ வகை கூடுதல் நேரம் தாங்கும். ஒரே பஃபரைப் பல முறை ஓட்டியிருந்தால் கொட்டிவிட்டுப் புதிது ஊற்றுங்கள். மின்னழுத்தம் மின்முனைகளுக்கு இடையே சென்டிமீட்டருக்கு 5 வோல்ட் அளவில் இருக்கட்டும். அவசரத்துக்காக ஏற்றினால் ஜெல் நடுவில் சூடாகிப் பட்டைகள் வளையும். இதற்கும் சாயத்துக்கும் தொடர்பில்லை, ஆனால் புதுச் சாயம் வந்த வாரத்தில் பழி அதன் மேல்தான் விழும்.

அறிகுறி 4: ஜெல் முழுதும் ஒளிர்கிறது, அல்லது திட்டுத் திட்டாக இருக்கிறது

முழுதும் ஒரே சீராக ஒளிர்ந்தால் சாயம் கூடிவிட்டது, அல்லது ஜெல் தடித்துவிட்டது. தண்ணீரில் பதினைந்து இருபது நிமிடம் ஊறவைத்தால் பெரும்பாலும் தணியும். நீல விளக்கில் முழுதும் நீலமாகத் தெரிந்தால் ஜெல்லைக் குறை சொல்லாதீர்கள். ஆம்பர் தகடு கீறிப் போயிருக்கும், அல்லது ஓரத்தில் ஒளி கசிகிறது.

திட்டுகளும் பளிச்சிடும் புள்ளிகளும் வேறு கதை. சாயம் முழுதாகக் கரையவில்லை என்று அர்த்தம். இங்கே டிஎம்எஸ்ஓ என்ற கரைப்பானைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். பச்சைச் சாயங்களில் பல டிஎம்எஸ்ஓவில் கரைத்து வருகின்றன. அது சுமார் 18.5 டிகிரி செல்சியஸிலேயே உறைந்துவிடும். குளிர்பெட்டியில் வைத்தால் கல்லாகும், குளிரூட்டிய அறையில் மேசை மேலேயே பாதி உறைந்து நிற்கும். வெளியில் எடுத்து இரண்டு நிமிடம் கையில் வைத்திருந்துவிட்டு, மேலே உருகியிருக்கும் நீர்மத்தை மட்டும் பிப்பெட்டில் எடுத்தால் செறிவு தாறுமாறாகிவிடும். முதல் ஜெல் மங்கும், பத்தாவது ஜெல் கண்ணைப் பறிக்கும். குப்பியை வெளிச்சத்தில் சாய்த்துப் பாருங்கள். அடியில் ஊசி ஊசியாகப் படிகமோ, நகராத வெண்மையோ இருந்தால் இன்னும் உருகவில்லை. முழுதாக உருகவிட்டு, சுழற்றிக் கலக்கி, ஒரு நொடி மையவிலக்கியில் இறக்கிவிட்டுப் பிறகு எடுங்கள்.

தண்ணீரில் கரைத்து வரும் சிவப்புச் சாயத்திலும் நாள்பட வீழ்படிவு வரலாம். 45 முதல் 50 டிகிரி சூட்டில் இரண்டு நிமிடம் வைத்துக் கலக்கினால் மறுபடி கரைந்துவிடும்.

டிஎம்எஸ்ஓ தோலை எளிதில் ஊடுருவும், தன்னோடு கரைந்திருப்பதையும் உள்ளே கொண்டுபோகும். அந்தக் குப்பியிலிருந்து ஒரு துளி கையுறையில் விழுந்தால் துடைத்துவிட்டுத் தொடராதீர்கள். கழற்றிப் போட்டுவிட்டு வேறு அணியுங்கள்.

அறிகுறி 5: ஒரு குறிப்பிட்ட இடத்தில் மட்டும் பட்டைகள் மங்குகின்றன

எல்லா லேனிலும் ஒரே உயரத்தில் நிழல் விழுந்தது போல இருந்தால் லோடிங் டையின் நிறம் மறைக்கிறது. 1 சதவீத அகரோஸில் புரோமோபீனால் நீலம் ஏறத்தாழ 300 கார இணை உயரத்தில் ஓடும், சைலீன் சயனால் ஏறத்தாழ 4,000 உயரத்தில். உங்கள் பட்டை அந்த உயரங்களில் ஒன்றில் நின்றால் டையை நீர்த்துப் போடுங்கள், அல்லது ஆரஞ்சு ஜி உள்ள டைக்கு மாறுங்கள்.

கீழ்ப்பாதி முழுதும் இருண்டு, சிறு துண்டுகள் மட்டும் மறைந்தால் காரணம் வேறு. எத்திடியம் புரோமைடு நேர் மின்சுமை உடையது, டிஎன்ஏவுக்கு எதிர்த்திசையில் மேலே ஏறும். கிரிஸ்டல் வயலெட்டும் அப்படித்தான். நீண்ட நேரம் ஓட்டினால் கீழே சாயமே மிஞ்சாது. ஓட்டிய பின் ஊறவைத்தால் மங்கிய துண்டுகள் திரும்பி வரும்.

அறிகுறி 6: பட்டை அழகாக இருந்தது, வெட்டி எடுத்தேன், குளோனிங் மட்டும் அமையவில்லை

இதை எழுதத்தான் உட்கார்ந்தேன் என்றுகூடச் சொல்லலாம். பாக்டீரியாக் காலனி வரவில்லை என்றதும் எல்லோரும் லைகேஸை (டிஎன்ஏ துண்டுகளை ஒட்டும் நொதி) மாற்றுகிறார்கள், செல்களை மாற்றுகிறார்கள், விகிதத்தை மாற்றுகிறார்கள். ஜெல் அறையில் நடந்ததை யாரும் கேட்பதில்லை.

வெட்டுகிறவரின் பக்கத்தில் நின்று கடிகாரத்தைப் பாருங்கள். ஜெல்லை 302 நானோமீட்டர் பெட்டியில் வைக்கிறார். விளக்கைப் போடுகிறார். முகக்கவசத்தைச் சரிசெய்கிறார். பிளேடைத் தேடுகிறார். முதல் பட்டையை வெட்டி, குழாயில் போட்டு, மூடியில் பெயர் எழுதுகிறார். விளக்கு எரிந்துகொண்டே இருக்கிறது. ஆறாவது பட்டை வெட்டப்படும்போது அது நான்கு நிமிடம் புற ஊதாவில் குளித்திருக்கும். அந்த ஒளி டிஎன்ஏவில் அடுத்தடுத்த தைமின்களை ஒன்றோடொன்று பிணைத்துவிடும். சேதம் ஜெல்லில் தெரியாது, அளவெடுக்கும் கருவியிலும் தெரியாது. செல்லுக்குள் போன பிறகுதான் தெரியும். அரை நிமிடம்கூட விளைச்சலைக் குறைக்கப் போதும்.

சாயம் எவ்வளவு பாதுகாப்பானதாக இருந்தாலும் இது நடக்கும். சிவப்பு வகைக்கு மாறியதும் உங்கள் கை சற்றுப் பாதுகாப்பாகிறது. டிஎன்ஏவின் நிலை அப்படியே இருக்கிறது, ஏனென்றால் விளக்கு மாறவில்லை.

செலவில்லாத வழியிலிருந்து தொடங்குவோம். விளக்கைப் போடும் முன்பே பிளேடு, குழாய், பெயர் எல்லாம் தயாராக இருக்கட்டும். உங்கள் பெட்டியில் 365 நானோமீட்டர் நிலை இருந்தால் அதற்கு மாற்றுங்கள். மங்கலாகத் தெரியும், ஆனால் சேதம் மிகக் குறைவு.

அடுத்தது, பழைய ஆய்வகங்களில் கற்றுக்கொண்டது. ஒரே மாதிரியை இரண்டு பக்கத்துக் குழிகளில் ஏற்றுங்கள், ஒன்றில் கொஞ்சம், மற்றதில் மீதி முழுதும். ஓட்டி முடித்ததும் லேடரும் சிறிய லேனும் உள்ள கீற்றை மட்டும் வெட்டி எடுத்து யுவியில் வையுங்கள். பட்டை இருக்கும் இடத்தில் ஒரு சிறு வெட்டுக்குறி போடுங்கள். விளக்கை அணைத்து, கீற்றை மீண்டும் ஜெல்லோடு பொருத்தி, அந்தக் குறியின் நேரே பெரிய லேனை வெட்டுங்கள். நீங்கள் எடுக்கும் டிஎன்ஏ புற ஊதாவைப் பார்த்ததே இல்லை.

ஜெல்லிலும் ஓடும் பஃபரிலும் 1 மில்லிமோலார் சைட்டிடின் அல்லது குவானோசின் சேர்ப்பதும் பலன் தரும். புற ஊதாவை அவை முதலில் வாங்கிக்கொள்ளும்.

செலவு செய்ய முடியும் என்றால் நீல விளக்கும் பச்சைச் சாயமும். 470 நானோமீட்டரைச் சுற்றியுள்ள ஒளியை டிஎன்ஏ உறிஞ்சுவதில்லை. நிதானமாக வெட்டலாம், ஆறு பட்டையானாலும் கவலையில்லை. அதையும் வாங்க முடியாதவர்களுக்குக் கிரிஸ்டல் வயலெட் இருக்கிறது. ஜெல்லிலேயே கலந்து ஓட்டினால் சாதாரண அறை வெளிச்சத்தில் ஊதாக் கோடாகத் தெரியும். குளோனிங்குக்காக வெட்டும்போது எப்படியும் நிறைய டிஎன்ஏ ஏற்றுவோம் என்பதால் அதன் நுண்மைக் குறைவு இங்கே பெரிதாகத் தடுக்காது. வெட்டும் ஜெல்லில் சிவப்பு வகையைக் கலந்தால் அந்த நிறைய டிஎன்ஏவே அறிகுறி 3-ஐக் கொண்டுவந்துவிடும்.

இவ்வளவும் செய்த பிறகும் காலனி இல்லை என்றால் அப்போது லைகேஸைச் சந்தேகியுங்கள்.

அறிகுறி 7: பச்சைச் சாயம் போட்ட ஜெல் ஆரஞ்சாக ஒளிர்கிறது

பழைய எத்திடியம் புரோமைடு இன்னும் அறையை விட்டுப் போகவில்லை. வார்க்கும் தட்டு, சீப்பு, ஓடும் பெட்டி, அகரோஸ் உருக்கும் குடுவை எல்லாவற்றிலும் ஒட்டியிருக்கும். கையடக்க யுவி விளக்கை எடுத்து, கண்ணாடி அணிந்து, அறையை இருட்டாக்கி மேசை, பிப்பெட், மைக்ரோவேவ் கைப்பிடி, கதவுப் பிடி என்று சுற்றி வாருங்கள். ஆரஞ்சுக் கறைகள் தெரியும். முதல்முறை இப்படிச் சுற்றியபோது குறிப்பேட்டின் அட்டையில் ஒரு கட்டைவிரல் தடம் ஒளிர்ந்தது. அன்றிலிருந்து ஜெல் அறைக்குள் குறிப்பேடு கொண்டுவர நான் யாரையும் விடுவதில்லை.

சிறு கறையை ஈரக் காகிதத்தால் பலமுறை துடைத்து, ஒவ்வொரு முறையும் விளக்கால் பார்த்து, காகிதத்தை எத்திடியம் கழிவோடு போடுங்கள். பிளீச் ஊற்றாதீர்கள். நிறம் போகும், ஆனால் விளையும் பொருள்களிலும் டிஎன்ஏவைக் கெடுப்பவை உண்டு. பழைய பஃபர் மீதம் இருந்தால் செயலூட்டிய கரியின் வழியாக வடித்து, அந்தக் கரியைத் தனிக் கழிவாக ஒப்படைக்க வேண்டும். புதுச் சாயத்தின் கழிவையும் உங்கள் நிறுவனத்தின் விதியைக் கேட்காமல் தொட்டியில் ஊற்ற வேண்டாம். பாதுகாப்பானது என்ற பெயர் அந்தக் கேள்விக்கு விடையாகாது.

*யாரைக் கூப்பிடுவது:* செறிவான இருப்புக் கரைசல் கொட்டிவிட்டால், அல்லது பொடியாக உள்ள எத்திடியம் புரோமைடு சிதறினால், நீங்கள் துடைக்க இறங்காதீர்கள். ஆள்களை வெளியே அனுப்பி, கதவை மூடி, பாதுகாப்பு அலுவலரைக் கூப்பிடுங்கள்.

அறிகுறி 8: ஜெல் நன்றாக வந்தது, இரவில் கண் எரிகிறது

சாயத்தைப் பாதுகாப்பானதாக மாற்றிய ஆய்வகங்களில் முகக்கவசம் மெல்ல மெல்ல மேசையின் மூலைக்குப் போய்விடுவதைப் பார்த்திருக்கிறேன். ஆனால் யுவி பெட்டி பழைய பெட்டிதான். பாதுகாப்பில்லாமல் அதைப் பார்த்தால் கண்ணின் மேற்பரப்பு வெயிலில் வெந்த தோல் போலாகும். அப்போது ஒன்றும் தெரியாது. சில மணி நேரம் கழித்து, வீட்டில் படுத்திருக்கும்போது, கண்ணில் மணல் விழுந்தது போல உறுத்தும், நீர் வடியும், வெளிச்சத்தைப் பார்க்க முடியாது. கையுறைக்கும் அங்கியின் கைப்பகுதிக்கும் இடையே தெரியும் மணிக்கட்டிலும் சிவந்த வளையம் விழும்.

கண்ணைத் தேய்க்காதீர்கள். கண்வில்லை அணிந்திருந்தால் கழற்றிவிடுங்கள். வீட்டில் கிடக்கும் பழைய சொட்டு மருந்தை விடாமல், அன்றே கண் மருத்துவரிடம் போய், எந்த விளக்கை எவ்வளவு நேரம் பார்த்தீர்கள் என்று சொல்லுங்கள். மறுநாள் காலையில் அந்தப் பெட்டியின் மூடியையும், மூடி திறந்தால் விளக்கு அணைகிறதா என்பதையும் சரிபார்க்கும் வரை யாரையும் அதைப் பயன்படுத்த விடாதீர்கள்.